ஆறு வாரம் கழித்து வந்த தங்கம்

2012 செப்டம்பர் 19, புதன்கிழமை. ஆக்லாந்து குயின்ஸ் வார்ஃபில், முந்தைய ஆண்டு ரக்பி உலகக் கோப்பைக்காகக் கட்டிய 'தி கிளவுட்' மண்டபத்தில் ஒரு பதக்க விழா நடந்தது. நம் வாலிபர் ஐக்கியத்தில் சிலர் வேலை முடிந்து, பிரிட்டோமார்ட்டில் ரயில் இறங்கி, அங்கே நடந்து போனோம். கவர்னர் ஜெனரல் சர் ஜெர்ரி மாடபரே, வலேரி ஆடம்ஸின் கழுத்தில் ஒலிம்பிக் தங்கப் பதக்கத்தை அணிவித்தார். நாட்டுக் கீதம் பாடினோம், கை வலிக்கத் தட்டினோம். ஆனால் லண்டனில் அந்தப் போட்டி நடந்தது ஆகஸ்ட் 6ஆம் தேதி. மைதானமும் 80,000 பேர் கூட்டமும் பக்கத்துப் படிகளில் நிற்கவேண்டிய மற்ற இரண்டு பெண்களும் இங்கே இல்லை. வலேரி ஒருவர்தான் நின்றார்.

அன்று நம்மோடு வந்த ஒரு பிள்ளை, "அக்கா, இது நிஜப் பதக்கமா, டூப்ளிகேட்டா?" என்று கேட்டாள். சிரித்துவிட்டோம். பிறகு யோசித்தால் அது சிரிக்கக்கூடிய கேள்வியாகத் தெரியவில்லை. இந்த இதழில் நாம் எழுதப்போகும் சரித்திரம் அந்தக் கேள்வியிலிருந்து தொடங்குகிறது.

வலேரி ஆடம்ஸ் நமக்கு அந்நியர் அல்ல. 1984இல் ரோட்டோருவாவில் பிறந்தாலும் வளர்ந்தது நம் தெற்கு ஆக்லாந்தின் மாங்கரேயில். தாயார் டோங்காவைச் சேர்ந்தவர், தகப்பனார் இங்கிலாந்தைச் சேர்ந்தவர். வலேரிக்கு 15 வயதாக இருக்கும்போது தாயார் புற்றுநோயால் இறந்தார். ஆறடி நான்கு அங்குல உயரமுள்ள அந்தப் பெண், பள்ளி நாட்களில் எடுத்த 4 கிலோ இரும்புக் குண்டைப் பிறகு கீழே வைக்கவே இல்லை. 2008 பெய்ஜிங் ஒலிம்பிக்கில் 20.56 மீட்டர் எறிந்து தங்கம் வென்றார். அதை அந்த மைதானத்திலேயே பெற்றுக்கொண்டார் என்பதையும் சொல்லிவிட வேண்டும். அந்தச் சந்தோஷம் எப்படியிருக்கும் என்று தெரிந்தவரிடமிருந்துதான் லண்டனில் அது பறிக்கப்பட்டது.

லண்டனில் தொடக்கமே சரியில்லை. நியூசிலாந்து அணி நிர்வாகத்தின் கவனக்குறைவால் போட்டியாளர் பட்டியலில் அவர் பெயரே விட்டுப்போயிருந்தது. போட்டிக்கு முந்தைய நாள் அதைச் சரிசெய்தார்கள். மறுநாள் வலேரி 20.70 மீட்டர் எறிந்தார். பெலாரஸ் நாட்டு நாட்ஸேயா ஆஸ்டப்சக் 21.36 மீட்டர் எறிந்தார். பெரிய போட்டிகளில் குண்டு எறிதல் பெரும்பாலும் சில சென்டிமீட்டர்களில் முடிவாகும். 66 சென்டிமீட்டர் வித்தியாசத்தில் தோற்பவர், தன் முயற்சி போதாது என்றே நினைப்பார். வலேரியும் கண்ணீரோடு வெள்ளியை வாங்கிக்கொண்டு, தன்னையே நொந்துகொண்டு லண்டனை விட்டுப் புறப்பட்டார்.

ஒலிம்பிக் நிறைவு விழாவுக்கு மறுநாள், ஆகஸ்ட் 13 அன்று, அறிவிப்பு வந்தது. போட்டிக்கு முந்தைய நாளும் போட்டி நாளும் ஆஸ்டப்சக்கிடம் எடுத்த இரண்டு சிறுநீர் மாதிரிகளிலும் மெட்டெனோலோன் என்ற ஸ்டீராய்டு இருந்தது. அவருடைய பயிற்சியாளர், தானே அவருக்குத் தெரியாமல் உணவில் மருந்தைக் கலந்ததாகச் சொன்னார். அதை ஏற்று பெலாரஸ் நாட்டு அமைப்பு வீராங்கனைக்கு ஓராண்டும் பயிற்சியாளருக்கு நான்கு ஆண்டும் தடை விதித்தது. நம்புவதும் நம்பாததும் அவரவர் பாடு. ஆனால் சில மாதங்களில் வந்த செய்தி அந்தக் கதையை நம்புவதைக் கடினமாக்கியது. 2005இல் ஹெல்சிங்கி உலகத் தடகளப் போட்டியில் எடுத்துப் பத்திரப்படுத்திய மாதிரிகளை எட்டாவது ஆண்டில் மறுபடி சோதித்தார்கள். அங்கே தங்கம் வென்ற ஆஸ்டப்சக்கின் மாதிரியில் ஃபார்மெஸ்டேன் என்ற வேறொரு தடைசெய்யப்பட்ட மருந்து இருந்தது. இருபது வயதில் வலேரி அங்கே பெற்ற வெண்கலம், அவருக்கு 28 வயதானபோது வெள்ளியாயிற்று.

எட்டு ஆண்டு கழித்து எப்படிக் கண்டுபிடிக்க முடிகிறது என்று நம் பிள்ளைகள் கேட்பார்கள். விளையாட்டு வீரர் கொடுக்கும் சிறுநீரை, அவர் கண்ணெதிரே, ஏ, பி என இரண்டு குப்பிகளில் ஊற்றி மூடி முத்திரை வைப்பார்கள். பெயர் இருக்காது, எண் மட்டுமே இருக்கும். ஏ குப்பியில் மருந்து தென்பட்டால், பி குப்பியையும் சோதித்து உறுதிப்படுத்தும்படி வீரர் கேட்கலாம். மிச்சத்தை உறைய வைத்து, முன்பு எட்டு ஆண்டுவரையும் 2015 முதல் பத்து ஆண்டுவரையும் மறுசோதனைக்கு வைத்திருக்கிறார்கள். அதற்குள் விஞ்ஞானம் முன்னேறிவிடுகிறது. ஸ்டீராய்டு உடலில் சிதைந்து வேறு பொருள்களாக மாறும். அவற்றில் சில வாரக்கணக்கில், மாதக்கணக்கில்கூடத் தங்கும். அந்த நீண்டகாலத் தடயங்களைப் பிடிக்கும் முறை 2012 வாக்கில் வந்தது. அந்த ஆராய்ச்சியில் பங்கெடுத்தவர்களில் ஒருவர் மாஸ்கோ ஆய்வகத் தலைவர் கிரிகோரி ராட்சென்கோவ். அதே மனிதர்தான் ரஷ்ய வீரர்களுக்கு ரகசியமாக மருந்து கொடுக்கும் ஏற்பாட்டையும் நடத்திவந்தார் என்று 2016இல் அவரே உலகத்துக்குச் சொன்னார். பூட்டு செய்கிறவரே கள்ளச்சாவியும் செய்தார்.

இந்தப் புதிய முறையால் பெய்ஜிங், லண்டன் மாதிரிகளை மறுபடி சோதித்தபோது பதக்கப் பட்டியல் கலகலத்துப்போயிற்று. 2008இல் வலேரிக்குப் பின்னால் வெள்ளியும் வெண்கலமும் பெற்ற பெலாரஸ் பெண்கள் நடாலியா மிக்னெவிச், ஆஸ்டப்சக் இருவரும் 2016இல் அவற்றை இழந்தார்கள். லண்டனில் வலேரிக்கு அடுத்தபடி எறிந்த ரஷ்யாவின் யெவ்கேனியா கொலோட்கோவும் அதே ஆண்டு தகுதி இழந்தார். அதற்கு முன் 2004 ஏதென்ஸ் ஒலிம்பிக்கில், தங்கம் வென்ற ரஷ்யாவின் இரினா கோர்ஷானென்கோ ஸ்டானசோலால் என்ற ஸ்டீராய்டுக்காகச் சில நாட்களிலேயே பிடிபட்டார். கணக்குப் போட்டுப் பாருங்கள். ஏதென்ஸ், பெய்ஜிங், லண்டன் ஆகிய மூன்று ஒலிம்பிக்குகளிலும் பெண்கள் குண்டு எறிதலில் மேடையில் கொடுத்த பதக்கங்கள் மொத்தம் ஒன்பது. அவற்றில் ஐந்து பதக்கங்கள் பறிபோயின.

2004 போட்டியைப் பற்றி ஒரு வார்த்தை. குண்டு எறிதலை மட்டும் ஏதென்ஸ் நகரில் நடத்தாமல், பழங்கால ஒலிம்பியாவின் மைதானத்துக்கே கொண்டுபோய் நடத்தினார்கள். பழைய நாட்களில் பெண்கள் போட்டியிட அனுமதியில்லாத அந்த மண்ணில் அன்று பெண்கள் போட்டியிட்டார்கள். அந்த மைதானத்துக்குப் போகும் வழியில் ஒரு வரிசைக் கல் பீடங்கள் இன்றும் இருக்கின்றன. போட்டியில் மோசடி செய்து பிடிபட்டவர்கள் கட்டிய அபராதப் பணத்தில் செய்து நிறுத்திய ஸேயுஸ் தேவனின் வெண்கலச் சிலைகள் முன்பு அவற்றின்மேல் நின்றன. உள்ளே போகிற ஒவ்வொரு வீரனும் அவற்றைப் பார்த்துக்கொண்டே போகவேண்டும் என்பது ஏற்பாடு. கோர்ஷானென்கோவும் அந்தப் பீடங்களைத் தாண்டித்தான் போயிருப்பார்.

ஏன் குண்டு எறிதலில் இத்தனை? இந்த விளையாட்டுக்கு வேண்டியது ஒரு கணத்தில் வெடிக்கும் தசைபலம். ஆண்மைச் சுரப்பியைப் போல வேலைசெய்யும் ஸ்டீராய்டு தசையை வளர்க்கிறது. பெண்களின் உடலில் அந்தச் சுரப்பி இயல்பாகவே குறைவு என்பதால், சிறிய அளவு மருந்துகூட அவர்களில் பெரிய வித்தியாசத்தை உண்டாக்கும். இதை ஓர் அரசாங்கமே கண்டுபிடித்துத் திட்டம் போட்டு நடத்தியது. அன்றைய கிழக்கு ஜெர்மனி 1974 முதல் ஓரல் டூரினாபோல் என்ற சிறு மாத்திரைகளை விளையாட்டுப் பிள்ளைகளுக்குக் கொடுத்துவந்தது. பல பிள்ளைகளிடமும் பெற்றோரிடமும் அவை வைட்டமின் மாத்திரை என்றே சொல்லப்பட்டது. ஹைடி கிரீகர் என்ற பெண் 16 வயதிலிருந்து அவற்றை விழுங்கினார். 1986இல் ஐரோப்பிய குண்டு எறிதல் சாம்பியன் ஆனார். உடல் தாங்கமுடியாத நிலைக்கு வந்து, சில ஆண்டுகளிலேயே விளையாட்டை விட்டார். 1997இல் அறுவை சிகிச்சை செய்துகொண்டு, ஆண்ட்ரியாஸ் கிரீகர் என்ற ஆணாக வாழத் தொடங்கினார். தன் வாழ்க்கையை இந்தப் பக்கம் திருப்பியதில் அந்த மாத்திரைகளுக்குப் பங்குண்டு என்று அவர் வெளிப்படையாகச் சொல்லியிருக்கிறார். 2000ஆம் ஆண்டில் பெர்லினில் நடந்த வழக்கில் அந்த நாட்டு விளையாட்டுத் தலைவர் மன்ஃப்ரெட் எவால்டும் மருத்துவர் மன்ஃப்ரெட் ஹோப்னரும் குற்றவாளிகள் எனத் தீர்ப்பானது. கிரீகர் நீதிமன்றத்தில் சாட்சி சொன்னவர்களில் ஒருவர். பிள்ளையின் கையில் யாராவது மாத்திரையைக் கொடுத்தால் அது என்ன என்று கேட்காமல் இருக்கும் நம் வீட்டுப் பெரியவர்கள் இந்தப் பத்தியை இன்னொருமுறை வாசிக்கலாம்.

இதெல்லாம் ஐரோப்பாவில் நடந்த கதை, நமக்கு வெகுதூரம் என்று நினைக்கவேண்டாம். 1990இல் இதே ஆக்லாந்தில் காமன்வெல்த் போட்டி நடந்தபோது, பளுதூக்குதலில் வேல்ஸ் வீரர்களோடு ஓர் இந்திய வீரரும் பிடிபட்டுப் பதக்கம் இழந்தார். 2017, 2018இல் இன்னும் கீழே இறங்கியது. கிளென்புடெரால் என்ற மருந்தை விற்ற ஓர் உள்நாட்டு இணையதளத்தை மருந்துக் கட்டுப்பாட்டு அதிகாரிகள் பிடித்தபோது, வாங்கியவர்களின் பட்டியல் கிடைத்தது. அதில் ஒலிம்பிக் நட்சத்திரங்கள் இல்லை. சனிக்கிழமை கிளப் ரக்பி ஆடுகிறவர்களும் அவர்களைப் போன்றவர்களும்தான். கொழுப்பைக் குறைக்க வாங்கினேன் என்று சொன்னவர்களுக்கும் சேர்த்து, இரண்டு ஆண்டு, நான்கு ஆண்டு என்று தடை விழுந்தது. இந்தச் சட்டத்தில் உடலுக்குள் என்ன போனாலும் அதற்கு விளையாடுகிறவரே பொறுப்பு. வேண்டுமென்று செய்தாரா என்பது தண்டனையின் அளவைத்தான் மாற்றும். ஜிம்முக்குப் போகிற நம் பையன்கள் ஆன்லைனில் வாங்கும் புரோட்டீன் பொடி டப்பாவின் பின்பக்கத்தையும் கொஞ்சம் பார்க்கட்டும்.

இதுவரை எழுதியது எளிதாக இருந்தது. பெலாரஸ், ரஷ்யா, கிழக்கு ஜெர்மனி என்று மற்றவர்களின் குற்றத்தை எழுதுவது யாருக்கும் எளிது.

2019 ஏப்ரல் 22 அன்று தோஹாவில் ஆசியத் தடகளப் போட்டியில் பெண்கள் 800 மீட்டர் ஓட்டம் நடந்தது. திருச்சி பக்கத்தில் முடிகண்டம் கிராமத்தைச் சேர்ந்த கோமதி மாரிமுத்து 2 நிமிடம் 2.70 வினாடியில் ஓடித் தங்கம் வென்றார். கடைசி நேரத்தில் பாய்ந்து முந்திய அந்த வீடியோ அன்றிரவே நம் எல்லாருடைய போனிலும் வந்துவிட்டது. வயது 30, தகப்பனாரைப் புற்றுநோய்க்குப் பறிகொடுத்தவர், ஒழுங்கான சாலை வசதியும் இல்லாத ஊரிலிருந்து ஓடிப் பழகியவர். இரண்டு காலிலும் வெவ்வேறு நிறத்தில் ஷூ போட்டிருந்த படத்தைப் பார்த்து நம் தாய்மார்கள் கண்ணைத் துடைத்தார்கள். அந்த வார வாலிபர் கூடுகையில் படத்தைத் திரையில் போட்டு எழுந்து நின்று கைதட்டினோம். கர்த்தருக்கு ஸ்தோத்திரமும் சொன்னோம். மாங்கரேயில் வளர்ந்த வலேரியின் கதைக்கும் முடிகண்டத்துக் கோமதியின் கதைக்கும் எவ்வளவு ஒற்றுமை என்று அன்று பேசியவர் சொன்னது இப்போதும் காதில் இருக்கிறது.

ஒரே மாதத்தில் செய்தி வந்தது. கோமதியின் மாதிரியில் நான்ட்ரோலோன் ஸ்டீராய்டின் தடயம் இருந்தது. தோஹாவில் மட்டுமல்ல, அதற்கு முன் மார்ச் மாதம் பட்டியாலாவில் நடந்த ஃபெடரேஷன் கோப்பைப் போட்டியில் எடுத்த மாதிரியிலும் இருந்தது. அந்த முடிவு முன்பே தெரிந்திருந்தால் தோஹாவுக்கே அனுப்பியிருக்க மாட்டோம் என்று இந்தியத் தடகளச் சம்மேளனம் குறைபட்டுக்கொண்டது. அது நியாயமான குறைதான். அதே ஆண்டு ஆகஸ்டில், டெல்லியிலிருந்த தேசிய ஊக்கமருந்து ஆய்வகத்தின் அங்கீகாரத்தையே உலக அமைப்பு நிறுத்திவைத்தது. தான் தடைசெய்யப்பட்ட எதையும் எடுக்கவில்லை என்று கோமதி சொன்னார். பி குப்பியும் அதே முடிவைத் தந்தது. 2020இல் நான்கு ஆண்டுத் தடை உறுதியாகி, தங்கம் பறிபோனது.

நாம் என்ன செய்தோம்? ஒன்றும் செய்யவில்லை. ஆஸ்டப்சக் செய்தி வந்தபோது "கள்ளி" என்று வாய்கூசாமல் சொன்ன நாம், கோமதி செய்தி வந்தபோது "பாவம், யாரோ ஏமாற்றியிருப்பார்கள்", "ஏழைப் பிள்ளைக்கு என்ன தெரியும்", "வடக்கத்தியர் சதி" என்றோம். பெலாரஸ் பயிற்சியாளர் சொன்னதை நம்பாத நாம் இதை உடனே நம்பத் தயாராக இருந்தோம். அடுத்த கூடுகையில் ஒருவரும் அந்தப் பேச்சை எடுக்கவில்லை. இந்த இதழிலும் ஒரு வரி வரவில்லை.

நம் வட்டாரத்தில் அடிக்கடி நடக்கும் ஒரு குழப்பத்தையும் இங்கே தீர்த்துவிடுகிறோம். "இதேபோல முன்பு ஒரு தமிழ்ப் பிள்ளையும் பிடிபட்டதே" என்று பெரியவர்கள் சொல்வது புதுக்கோட்டை மாவட்டத்துச் சாந்தி சௌந்தரராஜனை. அவரும் 800 மீட்டர் ஓட்டக்காரர், அவர் பதக்கம் வாங்கியதும் தோஹாவில்தான், 2006 ஆசிய விளையாட்டுப் போட்டியில். ஆனால் சாந்தி எந்த மருந்தும் எடுக்கவில்லை. பாலினச் சோதனை என்ற பெயரில், பிறப்பிலேயே அமைந்த உடல் இயல்பைக் காரணம் காட்டி, அவர் வென்ற வெள்ளியைப் பறித்தார்கள். அவர் யாரையும் ஏமாற்றவில்லை. இரண்டையும் ஒரே மூச்சில் சொல்வது அவருக்கு நாம் செய்யும் இன்னொரு அநியாயம்.

பதக்கம் பறிபோகும் கதைகளில் செய்தி எப்போதும் இழந்தவரைப் பற்றியே வருகிறது. அடுத்த படியில் நின்றவருக்கு என்ன ஆயிற்று என்று யாரும் தேடுவதில்லை. வலேரிக்காவது ஒரு நாடே இருந்தது, கவர்னர் ஜெனரல் இருந்தார், துறைமுகத்தில் ஒரு மேடை இருந்தது. சீனாவின் கொங் லிஜியாவை எடுத்துக்கொள்ளுங்கள். பெய்ஜிங்கில் தன் சொந்த நாட்டு மக்கள் முன்னால் ஐந்தாவதாக வந்து தலைகுனிந்து போனவர். லண்டனில் நான்காவதாக வந்தவர். இரண்டு முறையும் மேடைக்குக் கீழே நின்று மற்றவர்களின் கொடி ஏறுவதைப் பார்த்தவர். பிற்பாடு அவை வெண்கலமாகவும் வெள்ளியாகவும் மாறின. டோக்கியோ ஒலிம்பிக் 2021இல் நடந்தபோதுதான் அவர் மேடையின் உச்சிப்படியில் நின்றார். அதே மேடையில், 36 வயதில், வெண்கலத்தோடு நின்றவர் வலேரி. அடுத்த ஆண்டு மார்ச்சில் வலேரி ஓய்வு பெற்றார்.

இலங்கையின் சுசந்திகா ஜயசிங்க 2000 சிட்னி ஒலிம்பிக்கில் 200 மீட்டர் ஓட்டத்தில் வெண்கலம் பெற்றார். முதலாவது வந்த அமெரிக்காவின் மரியன் ஜோன்ஸ் 2007இல் மருந்தெடுத்ததை ஒப்புக்கொண்டார். சுசந்திகாவின் வெண்கலம் வெள்ளியாக 2009 டிசம்பர் ஆயிற்று. ஒன்பது ஆண்டுகள். ஓட்டக்காரிக்கு அது ஏறத்தாழ முழு வாழ்க்கை.

இந்தக் கட்டுரைக்காகப் பழைய கணினியில் 2019 கூடுகையின் படங்களைத் தேடினோம். நாம் திரையில் போட்டுக் கைதட்டிய அந்தத் தோஹா மேடைப் படம் கிடைத்தது. நடுவில் மூவர்ணக் கொடியோடு கோமதி. பக்கத்துப் படியில் சிவப்புச் சட்டையில் ஒரு பெண் லேசாகச் சிரித்துக்கொண்டு நிற்கிறார். அன்று திரையைப் பார்த்த அறுபது பேரில் ஒருவரும் அவர் யார் என்று கேட்கவில்லை. இப்போதுதான் தேடிப் பார்த்தோம். பெயர் வாங் சுன்யூ, சீனாவைச் சேர்ந்தவர். அன்று அவர் ஓடிய நேரம் 2 நிமிடம் 2.96 வினாடி. ஆசியத் தங்கம் இப்போது அவருடையது. அதை அவர் எங்கே, எந்த நாளில், யார் கையால் வாங்கினார் என்று நம்மில் ஒருவருக்கும் தெரியவில்லை.